நோபல் வாங்கியவரைச் சொந்தக் கட்சியே ஏன் வெளியே அனுப்பியது? – லைபீரியாவின் எலன் ஜான்சன் சர்லீஃப்

வடகரை:
2018 ஜனவரியில் லைபீரியாவில் நடந்த ஒரு விஷயம் எனக்கு இன்னும் பிடிபடவில்லை. எலன் ஜான்சன் சர்லீஃப், ஆப்பிரிக்காவிலேயே தேர்தலில் வென்று அதிபரான முதல் பெண், அமைதிக்கான நோபல் வாங்கியவர், பன்னிரண்டு வருடம் ஆண்டவர். பதவியிலிருந்து இறங்கப் பத்து நாள்கூட இல்லாதபோது அவருடைய யூனிட்டி கட்சியே அவரை நீக்குகிறது. அடுத்த மாதமே நல்லாட்சிக்கான மோ இப்ராஹிம் பரிசு வருகிறது, 50 லட்சம் டாலர். ஊர் உலகமே மாலை போடுகிறது, வீட்டில் செருப்பை எடுத்து வெளியே வைக்கிறார்கள். விக்கிப்பீடியா படித்துவிட்டேன், தேதியெல்லாம் தெரியும். காரணம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

முந்நீர்:
பன்னிரண்டு வருடம் கூடவே இருந்த துணை அதிபர் போகாயை 2017 தேர்தலில் கைவிட்டார். நீக்கினார்கள். இதில் புதிர் எங்கே இருக்கிறது?

பழையபேப்பர்:
முந்நீர் சொன்னது கடைசி அத்தியாயம். எலன் யாருடைய ஆள் என்ற கேள்வி 2017இல் தொடங்கியதல்ல, அதனால் கொஞ்சம் பின்னால் போகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

லைபீரியாவை நூறு வருடத்துக்கு மேலாக ஆண்டது ஒரு சின்னக் கூட்டம். அமெரிக்காவில் அடிமைத்தனத்திலிருந்து விடுபட்டுக் கடல் தாண்டி வந்து குடியேறிய கறுப்பர்களின் வாரிசுகள், அமெரிக்கோ லைபீரியர்கள் என்பார்கள், மக்கள்தொகையில் நூற்றுக்கு ஐந்து பேர் தேறுவதே கஷ்டம். 1878 முதல் 1980 வரை ட்ரூ விக் கட்சி ஒன்றேதான் ஆட்சி. எலன் 1938இல் மன்ரோவியாவில் பிறந்தார். பேச்சு, படிப்பு, பழக்கம் எல்லாம் அந்தக் கூட்டத்து ஆள் மாதிரி, ஆனால் பிறப்பால் அப்படி இல்லை. அப்பா கோலா இனத்தவர், உள்நாட்டுப் பழங்குடிகளிலிருந்து சட்டமன்றம் போன முதல் ஆள். அம்மா, ஒரு க்ரூ இனப் பெண்ணுக்கும் ஜெர்மானிய வியாபாரிக்கும் பிறந்தவர். முதல் உலகப் போரில் லைபீரியா ஜெர்மனிக்கு எதிராக நின்றதும் அந்த வியாபாரி நாட்டை விட்டுப் போய்விட்டார், பெண் குழந்தையை எடுத்து வளர்த்தது ஒரு அமெரிக்கோ லைபீரியக் குடும்பம். ஆக இவரை மேட்டுக்குடி என்று திட்டவும் ஆதாரம் உண்டு, மண்ணின் மகள் என்று கொண்டாடவும் ஆதாரம் உண்டு. தேர்தலுக்குத் தேர்தல் இரண்டும் நடந்தது.

17 வயதில் கல்யாணம், நான்கு மகன்கள், கணவரிடம் அடி, விவாகரத்து. நடுவில் அமெரிக்காவில் விஸ்கான்சின் போய்க் கணக்கியல் படித்தார், 1971இல் ஹார்வர்டில் பொது நிர்வாகத்தில் முதுகலை. வில்லியம் டால்பர்ட் ஆட்சியில் 1972இல் நிதித்துறை உதவி அமைச்சர். அடுத்த வருடமே அரசின் செலவுப் போக்கோடு ஒத்துப்போகாமல் விலகி உலக வங்கிக்குப் போனார். திரும்பி வந்து 1979இல் நிதி அமைச்சர். அந்த வருடம் ஏப்ரலில்தான் அரிசி விலையை மூட்டைக்கு 22 டாலரிலிருந்து 26 ஆக்கப் போகிறார்கள் என்று மன்ரோவியாவில் கலவரம் வெடித்துப் பலர் சுடப்பட்டு இறந்தார்கள். அதற்குச் சில மாதம் கழித்து அந்த நாற்காலியில் உட்கார்ந்தவர் இவர்.

1980 ஏப்ரல் 12இல் சாமுவேல் டோ என்ற மாஸ்டர் சார்ஜன்ட் அதிபர் மாளிகைக்குள் புகுந்து டால்பர்ட்டைக் கொன்று ஆட்சியைப் பிடிக்கிறான். பத்து நாள் கழித்துப் பழைய அரசின் 13 பெரிய தலைகளைக் கடற்கரையில் கம்பத்தில் கட்டி வைத்துச் சுட்டார்கள். டால்பர்ட் அமைச்சரவையில் தப்பியவர்கள் நாலு பேர்தான், அதில் எலன் ஒருவர். தப்பியது மட்டுமில்லை, டோ இவரை வளர்ச்சி வங்கிக்குத் தலைவராகவும் வைத்தான். சில மாதம் இருந்தார், வெளிப்படையாக விமர்சித்தார், அந்த வருடக் கடைசியில் நாட்டை விட்டுப் போனார். அப்புறம் மறுபடி உலக வங்கி, பிறகு நைரோபியில் சிட்டி பேங்க்.

முந்நீர்:
அதாவது ஒவ்வொரு ஆட்சியிலும் ஒரு நாற்காலி. டால்பர்ட்டா, இருக்கிறேன். டோவா, இருக்கிறேன். டெய்லரா... அது அடுத்த பதிவில் வரும் என்று நினைக்கிறேன்.

தேன்சிட்டு:
முந்நீர் சார், நாற்காலியைப் பற்றிப் பேசுகிறீர்கள், 1985ஐத் தாண்டிவிட்டு எப்படிப் பேச முடியும்? அந்த வருடம் தேர்தலில் நிற்க ஊர் திரும்பினார். அதற்கு முன்னால் அமெரிக்காவில் ஃபிலடெல்ஃபியாவில் லைபீரியர்கள் கூட்டத்தில் பேசும்போது நாட்டை ஆள்பவர்களை முட்டாள்கள் என்று சொல்லியிருந்தார். அதற்கு ராஜத்துரோக வழக்கு, பத்து வருடச் சிறைத்தண்டனை. வெளிநாட்டு அழுத்தத்தில் சீக்கிரமே விட்டார்கள். உள்ளே போய் வந்த கையோடு மான்ட்செராடோ மாவட்டத்தில் செனட்டுக்கு நின்று ஜெயித்தார். அந்தத் தேர்தலில் வாக்குப்பெட்டியை வைத்துக்கொண்டு டோ ஆட்கள் ஆடிய ஆட்டம் உலகறிந்தது. எலன் என்ன செய்தார்? ஜெயித்த இடத்தில் உட்கார மாட்டேன் என்றார். உட்கார்ந்தால் அந்தத் தேர்தலை ஒப்புக்கொண்டதாகிவிடும்.

நவம்பரில் டோவின் பழைய தளபதி தாமஸ் குவிவோங்க்பாவின் ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சி தோற்றதும் மறுபடி பிடித்தார்கள், 1986 பாதி வரை சிறை. ராணுவ முகாமில், அடுத்த மணி நேரம் உயிரோடு இருப்போமா என்று தெரியாமல் கிடந்தவர். வெளியே வந்தபோதும் செனட் இருக்கை காலியாகத்தான் இருந்தது, போய் உட்காரச் சொல்லி வற்புறுத்தினார்கள், முடியாது என்று நாட்டை விட்டே போனார். நாற்காலி ஆசை உள்ளவர் செய்கிற வேலையா இது?

முந்நீர்:
அந்த ஒரு நாற்காலியை விட்டதை ஒப்புக்கொள்கிறேன். அதற்காக 1990ஐ விட முடியாது. டோவை எதிர்த்த கிளர்ச்சித் தலைவர் சார்லஸ் டெய்லர் 1989 கிறிஸ்துமஸ் சமயத்தில் ஐவரி கோஸ்ட் எல்லையிலிருந்து நுழைந்தபோது அமெரிக்காவில் இருந்து ஆதரவு திரட்டியவர்களில் எலனும் உண்டு. 10,000 டாலர் அளவுக்குப் பணம் போனதை அவரே பிறகு உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையத்தின் முன் சொன்னார். காட்டுக்குள்ளே போய் டெய்லரை நேரில் பார்த்தும் வந்தார். அந்த மனிதன் பிறகு என்ன செய்தான் என்று தெரியும். சின்னப் பையன்கள் கையில் துப்பாக்கி, பதினாலு வருடம், இரண்டு போர், சுமார் இரண்டரை லட்சம் உயிர்.

பழையபேப்பர்:
ஆதரித்தார், அது உண்மை. டோவை வீழ்த்த யார் வந்தாலும் சரி என்ற மனநிலையில் அன்றைக்கு வெளிநாட்டு லைபீரியர்களில் நிறைய பேர் இருந்தார்கள், அதுவும் உண்மை. டெய்லரின் நிறம் தெரிந்ததும் விலகி எதிர்த்தார். 1992இலிருந்து ஐநா வளர்ச்சித் திட்டத்தில் ஆப்பிரிக்கப் பிரிவுக்குத் தலைவர், பெரிய பதவி. அதை விட்டுவிட்டு 1997இல் டெய்லருக்கு எதிராகவே அதிபர் தேர்தலில் நின்றார். டெய்லர் 75 சதவீதம், எலன் சுமார் 10 சதவீதத்தோடு இரண்டாமிடம். டெய்லரின் ஆட்கள் தெருவில் கத்திய கோஷம் பிரபலம்: என் அம்மாவைக் கொன்றான், என் அப்பாவைக் கொன்றான், இருந்தாலும் அவனுக்கே என் ஓட்டு. அவன் தோற்றால் மறுபடி போருக்குப் போய்விடுவான் என்ற பயத்தில் போட்ட ஓட்டு நிறைய.

ஒரு சின்னச் செய்தி, யாரும் சொல்வதில்லை. அந்தத் தேர்தல் நடக்கும்போது நாட்டுக்குத் தலைவராக இருந்ததும் ஒரு பெண்தான். ரூத் பெர்ரி, 1996 செப்டம்பரிலிருந்து இடைக்கால ஆட்சி மன்றத் தலைவர். தேர்ந்தெடுக்கப்பட்டவர் இல்லை, நியமனம். அதனால்தான் எலனைச் சொல்லும்போது எல்லோரும் தேர்தலில் வென்ற என்று சேர்த்துச் சொல்கிறார்கள்.

வடகரை:
ரூத் பெர்ரி எனக்குப் புதுச் செய்தி. சரி, 10 சதவீதம் வாங்கியவர் எட்டு வருடத்தில் எப்படி அதிபர் ஆனார்? அதுவும் ஜார்ஜ் வியா எதிரே நிற்கும்போது. 1995இல் உலகின் சிறந்த கால்பந்து வீரர், ஏசி மிலான் நட்சத்திரம், குடிசையில் பிறந்து வளர்ந்தவர். நம் ஊரிலேயே நட்சத்திரங்களுக்கு என்ன கூட்டம் கூடும் என்று தெரியுமே.

தேன்சிட்டு:
கூடியதே. 2005 அக்டோபர் முதல் சுற்றில் 22 வேட்பாளர்கள், வியா 28 சதவீதம் வாங்கி முதலிடம், எலனுக்கு 20க்கும் ஒரு இழை குறைவு. நவம்பர் 8 இரண்டாம் சுற்றில் எலன் 59, வியா 41. அந்த நாலு வாரத்தில் நடந்ததுதான் கதை.

சந்தைப் பெண்கள். போர்க்காலத்தில் ஆண்கள் சண்டையிலோ ஒளிந்தோ இருந்தபோது கிராமத்திலிருந்து மிளகாயும் மரவள்ளியும் பாமாயிலும் தலையில் சுமந்து சோதனைச் சாவடி சாவடியாகக் கடந்து நகரத்துக்குச் சோறு போட்டவர்கள் இவர்கள். 2003இல் லேமா போவீ தலைமையில் வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு மீன் சந்தை மைதானத்தில் வெயிலிலும் மழையிலும் உட்கார்ந்து, கிறிஸ்தவரும் முஸ்லிமுமாகச் சேர்ந்து, சமாதானம் பேசு என்று டெய்லரை நெருக்கியதும் பெண்கள்தான். தேர்தல் வந்தபோது பெண்களின் பெயரைப் பட்டியலில் சேர்க்க ஒரு தனி இயக்கமே நடந்தது. கடையை விட்டு வர முடியாது என்று சொன்ன பெண்களிடம், நீ போய்ப் பதிந்துவிட்டு வா, கடையையும் குழந்தையையும் நான் பார்த்துக்கொள்கிறேன் என்று வேறு பெண்கள் உட்கார்ந்தார்கள். வாக்காளர் பட்டியலில் பாதிக்குப் பாதி பெண்கள். இரண்டாம் சுற்றுக்கு முன் வியா ரசிகர்களான தங்கள் பையன்களின் வாக்காளர் அட்டையைத் தாய்மார்கள் எடுத்து ஒளித்து வைத்த கதையெல்லாம் உண்டு, அந்தப் பெண்களே பிறகு சொல்லிச் சிரித்திருக்கிறார்கள். சட்டப்படி தப்புதான். ஆனால் பதினாலு வருடம் பையன்களின் துப்பாக்கிக்கு நடுவில் வாழ்ந்தவர்கள் அவர்கள், எனக்குக் கோபம் வரமாட்டேன் என்கிறது.

முந்நீர்:
ஓட்டுச்சீட்டைத் திருடினாலும் பெண்கள் செய்தால் கதை, ஆண்கள் செய்தால் குற்றம். நல்ல நியாயம்.

கணக்குப்பிள்ளை:
சண்டையைக் கொஞ்சம் நிறுத்துங்கள், நான் பணத்தைப் பற்றிப் பேச வந்தேன், இந்த அம்மாவின் வாழ்க்கையில் எனக்குப் பிடித்த பகுதியே அதுதான்.

2006 ஜனவரி 16இல் பதவி ஏற்கும்போது அரசின் வருடாந்திர பட்ஜெட் சுமார் 8 கோடி டாலர். 30 லட்சத்துக்கு மேல் மக்கள் உள்ள ஒரு நாட்டுக்கு மொத்தமே அவ்வளவுதான். தலைநகரில் மின்சாரம் இல்லை, குழாயில் தண்ணீர் இல்லை. வெளிக்கடன் 450 கோடி டாலருக்கு மேல். வருமானம் முழுவதையும் அப்படியே கொடுத்தாலும் ஐம்பது வருடம் கட்ட வேண்டிய கடன். இதில் பெரும்பகுதி வாங்கிய அசலே இல்லை, டால்பர்ட் காலத்திலும் டோ காலத்திலும் வாங்கி, எண்பதுகளின் நடுவில் கட்டுவதை நிறுத்தி, அதன் மேல் வட்டியும் அபராத வட்டியும் ஏறி ஏறி நின்ற தொகை. பன்னாட்டு நிதியத்துக்கே (ஐஎம்எஃப்) பாக்கி இருந்ததால் அங்கிருந்து புதிதாக ஒரு டாலர் வராது, அங்கிருந்து வராவிட்டால் மற்றவர்களும் தர மாட்டார்கள். கதவு பூட்டியிருக்கிறது, சாவி உள்ளே இருக்கிறது.

இதை அவிழ்க்க நாலு வருடம் ஆனது. 2008இல் நிதியத்தின் பாக்கியைத் தீர்க்கப் பல நாடுகள் ஆளுக்குக் கொஞ்சம் விட்டுக்கொடுக்க வேண்டியிருந்தது, அதற்காக ஒவ்வொரு தலைநகராக ஏறி இறங்கினார்கள். 2009இல் தனியார் கடன்காரர்களிடம் இருந்த 120 கோடி டாலர் கடனை டாலருக்கு மூன்று சென்ட் என்ற விலைக்குத் திரும்ப வாங்கினார்கள், அதற்கான சுமார் 3.8 கோடியையும் உலக வங்கியும் சில நாடுகளும் கொடுத்தன. 97 சதவீதத் தள்ளுபடி, ஆடித் தள்ளுபடியில்கூட யாரும் பார்த்திருக்க மாட்டீர்கள். அதற்கும் ஒத்துவராத கழுகு நிதி நிறுவனங்கள் இரண்டு, அதாவது பழைய கடனை மலிவாக வாங்கி வட்டியோடு முழுசாக வசூலிக்கப் பார்க்கிறவர்கள், 1978இல் வாங்கிய சுமார் 60 லட்சம் டாலர் கடனைக் கையில் வைத்துக்கொண்டு லண்டன் நீதிமன்றத்தில் 2 கோடி டாலருக்கு மேல் தீர்ப்பு வாங்கின. அந்தத் தீர்ப்பு கிளப்பிய கோபத்தில் பிரிட்டன் 2010இல் இப்படிப்பட்ட வசூலுக்கு வரம்பு போட்டு ஒரு சட்டமே கொண்டுவந்தது. 2010 ஜூனில் மொத்தம் 460 கோடி டாலர் ரத்து. நிறையப் பேர் பத்து வருடமாவது ஆகும் என்றார்கள்.

இதைச் செய்ய யாரால் முடியும்? மேஜையின் அந்தப் பக்கம் உட்கார்ந்து பழகியவரால். உலக வங்கி, சிட்டி பேங்க், ஐநா எல்லாவற்றிலும் வேலை பார்த்ததால் யாரிடம் எந்தக் கோப்பு இருக்கிறது, யாருக்குப் போன் செய்தால் நகரும் என்று தெரியும். டால்பர்ட் காலத்து நிதித்துறையில் இருந்தவர் டால்பர்ட் காலத்துக் கடனைத் தள்ளுபடி செய்யச் சொல்லி வாதாடியது வேடிக்கைதான். வியா ஜெயித்திருந்தால் 2010இல் இது நடந்திருக்காது, என்னால் அடித்துச் சொல்ல முடியும்.

வடகரை:
இவ்வளவு செய்தவரை ஏன் நீக்கினார்கள் என்பதற்கு இன்னும் பதில் வரவில்லை கணக்கு அண்ணா.

கணக்குப்பிள்ளை:
வருகிறேன் தம்பி. 460 கோடி டாலர் ரத்தானது என்று மன்ரோவியா ரெட் லைட் சந்தையில் கை வண்டி தள்ளுகிறவனிடம் சொல்லுங்கள், அவன் அரிசி விலை என்ன என்று கேட்பான். கடன் போனது தெரியாது, கரண்ட் வந்தால்தான் தெரியும். 1990இல் போரில் சிதைந்த மவுண்ட் காஃபி நீர்மின் நிலையம் திரும்ப ஓடத் தொடங்கியது 2016 கடைசியில். பதவிக்கு வந்து பத்து வருடம் முடிந்திருந்தது. 2013இல் லைபீரியப் பல்கலைக்கழக நுழைவுத் தேர்வு எழுதிய சுமார் 25,000 பேரில் ஒருவர்கூடத் தேறவில்லை. ஒருவர்கூட.

இவருடைய பலம் முழுக்க நாட்டுக்கு வெளியே இருந்தது. உள்ளே கட்சி என்று பார்த்தால் 1985இல் நின்றது லைபீரிய ஆக்‌ஷன் கட்சியில், 1997இல் யூனிட்டி கட்சி. அது இவர் தொடங்கிய கட்சியும் இல்லை. 2005இல் அதிபர் பதவியை வென்ற கட்சிக்கு கீழவையில் 64க்கு 8 இடம்தான்! அப்படிப்பட்டவர் அமைச்சரவையை எங்கிருந்து பிடிப்பார்? வெளிநாட்டில் படித்து வேலை பார்த்துத் திரும்பியவர்களை வைத்து. முதல் நிதி அமைச்சர் அன்டோனெட் சாயே பன்னாட்டு நிறுவன அனுபவம் உள்ளவர், நல்ல தேர்வு. ஆனால் மழையில் நனைந்து கொடி கட்டிய கட்சிக்காரன் வாசலிலேயே நின்றான். கட்சிக்கும் அவருக்கும் இருந்தது வாடகை ஒப்பந்தம். 2018இல் முடிந்தது.

முந்நீர்:
வாடகை ஒப்பந்தத்தில் பிள்ளைகளுக்கு மட்டும் அறை ஒதுக்கீடு உண்டு போல. ராபர்ட் சர்லீஃப் தேசிய எண்ணெய் நிறுவனத்துக்குத் தலைவர், கூடவே அதிபருக்கு மூத்த ஆலோசகர். சார்லஸ் சர்லீஃப் மத்திய வங்கியில் துணை ஆளுநர். ஃபொம்பா சர்லீஃப் தேசியப் பாதுகாப்பு முகமையின் தலைவர். பதவி ஏற்ற அன்று ஊழல்தான் முதல் எதிரி என்று பேசியவர். 2012 அக்டோபரில் லேமா போவீயே, அதே நோபலைப் பகிர்ந்துகொண்டவர், நல்லிணக்கக் குழுத் தலைமையை உதறிவிட்டு வாரிசு நியமனத்தை வெளிப்படையாகக் கண்டித்தார். கணக்குத் தணிக்கையாளர் ஜான் மார்லு இந்த அரசு முந்தையதைவிட மூன்று மடங்கு ஊழல் என்று 2007லேயே சொன்னார், 2011இல் அவர் பதவிக்காலம் நீட்டிக்கப்படவில்லை.

அப்புறம் காடு. தனியார் பயன்பாட்டு அனுமதி என்று சொல்லி நாட்டின் நிலப்பரப்பில் ஏறக்குறைய கால் பங்கை மரம் வெட்டும் கம்பெனிகளுக்குத் திறந்துவிட்டது இவர் ஆட்சியில்தான் நடந்தது. விஷயம் 2012இல் வெடித்த பிறகு வனத்துறைத் தலைவரைத் தற்காலிக நீக்கம் செய்து அனுமதிகளை நிறுத்தினார்கள்.

தேன்சிட்டு:
பிள்ளைகள் விஷயத்தில் நான் வாதாட வரவில்லை. சார்லஸ் சொத்துக் கணக்குக் காட்டாதபோது அவரையும் சேர்த்து 46 அதிகாரிகளை 2012இல் இடைநீக்கம் செய்தார், ராபர்ட் 2013இல் விலகினார், அதெல்லாம் சொல்லலாம். ஆனால் முதலில் நியமித்ததே தப்பு. ஊழலை ஒழிப்பேன் என்ற வாக்கை முழுதாகக் காப்பாற்றவில்லை என்று 2017 ஜனவரியில் தன் கடைசி ஆண்டு உரையில் அவரே ஒப்புக்கொண்டார்.

ஆனால் ஒரே தராசில் எல்லாவற்றையும் நிறுக்கிறீர்களா சார்? கூட்டு வன்புணர்வு உட்பட கடுமையான தண்டனையோடு வன்புணர்வுச் சட்டம் 2006இல் அமலுக்கு வந்தது, 2008இல் அதற்கென்றே தனி நீதிமன்றம். போரில் எத்தனை பெண்கள் எத்தனை முறை என்று எண்ண முடியாத நாடு அது. காவல்துறைத் தலைவர், நிதி, நீதி, வணிகம் என்று பெண்களை உட்கார வைத்தார்.

வடகரை:
நம் ஊர்த் தொடர்பு ஒன்று இதில் உண்டு. ஐநா அமைதிப்படையின் முதல் முழுப் பெண் காவல் பிரிவு இந்தியாவிலிருந்துதான் போனது, மத்திய ரிசர்வ் காவல் படைப் பெண்கள், 2007 தொடக்கத்தில் மன்ரோவியாவில் இறங்கினார்கள். எலனின் அலுவலகத்துக்குக் காவல் நின்றதும் அவர்களே. அவர்களைப் பார்த்து லைபீரியப் பெண்கள் போலீஸில் சேர்ந்தார்கள் என்று எலன் பாராட்டினார். 2016இல் திரும்பினார்கள். இந்திரா காந்தி அமைதிப் பரிசும் எலனுக்குக் கொடுத்திருக்கிறோம், 2012ஆம் ஆண்டுக்கானது.

பழையபேப்பர்:
அந்த அலுவலகம் அதிபர் மாளிகையில் இல்லை, வெளியுறவு அமைச்சகக் கட்டடத்தில் இருந்தது. 2006 ஜூலை 26, சுதந்திர தினம், பக்கத்து நாட்டு அதிபர்கள் விருந்துக்கு வந்திருக்கும்போதே மாளிகையில் தீப்பிடித்தது. அதன்பிறகு ஆட்சி முடியும்வரை அமைச்சகத்திலேயே உட்கார்ந்து ஆண்டார். அதே நாள்தான் மன்ரோவியாவில் பதினைந்து வருடம் கழித்துச் சில தெருவிளக்குகளை அவர் ஏற்றி வைத்ததும்.

முந்நீர் தொட்ட டெய்லர் விஷயத்தை இன்னும் யாரும் முடிக்கவில்லை. டெய்லர் 2003இல் நைஜீரியாவில் அடைக்கலம் புகுந்திருந்தார். 2006 மார்ச்சில் அவரை ஒப்படையுங்கள் என்று நைஜீரியாவிடம் கேட்டது எலன்தான். டெய்லர் தப்பப் பார்த்து, கேமரூன் எல்லையில் மாட்டி, அங்கிருந்து மன்ரோவியா, அங்கிருந்து ஃப்ரீடவுன், பிறகு ஹேக். 2012இல் 50 வருடத் தண்டனை, சியரா லியோனில் செய்த குற்றங்களுக்கு. லைபீரியாவில் செய்ததற்கு இன்றுவரை யாருக்கும் அங்கே தண்டனை இல்லை.

காரணம் இருக்கிறது. உண்மை மற்றும் நல்லிணக்க ஆணையம் 2009இல் அறிக்கை கொடுத்தபோது, போரிடும் கூட்டங்களுக்கு ஆதரவளித்தவர்கள் என்று சுமார் ஐம்பது பேரை 30 வருடம் பொதுப் பதவி வகிக்கத் தடை செய்யச் சொன்னது. அந்தப் பட்டியலில் எலன் பெயர் இருந்தது. டெய்லரை ஆதரித்ததற்கு மக்களிடம் மன்னிப்புக் கேட்டார். பதவி விலகவில்லை. 2011 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் அந்தத் தடைப் பரிந்துரை அரசியல் சட்டத்துக்கு விரோதம் என்றது. போர்க்குற்ற நீதிமன்றம் அமைக்க வேண்டும் என்ற பரிந்துரையை அப்படியே அலமாரியில் வைத்தார். அமைத்திருந்தால் செனட்டில் பாதி காலியாகியிருக்கும், மறுபடி சண்டை வந்திருக்கலாம் என்பது அவருடைய தரப்பு. நான் பாதி நம்புகிறேன், மீதிப் பாதிக்கு 2011ஐப் பாருங்கள்.

வடகரை:
2011இல் நோபல் வந்த வருடம்தானே?

பழையபேப்பர்:
ஆமாம். அக்டோபர் 7 அறிவிப்பு, 11 வாக்குப்பதிவு. எதிர்க்கட்சிகள் கொதித்துப் போயின, வேறென்ன செய்வார்கள். 2005இல் ஒரே தவணைதான் என்று சொன்னவர் மறுபடி நின்றதே முதல் குறை. அந்தத் தேர்தலில் இவர்கள் வைத்த விளம்பரப் பலகை நினைவிருக்கிறதா? விமானம் இன்னும் தரையிறங்கவில்லை, விமானியை மாற்றாதீர்கள் என்று எழுதியிருந்தார்கள். முதல் சுற்றில் 44 சதவீதம். வின்ஸ்டன் டப்மேன், வியா துணை அதிபர் வேட்பாளராகச் சேர்ந்த அணி, 33. மூன்றாவதாக 12 சதவீதத்துக்குக் கொஞ்சம் குறைவாக வந்தவர் பிரின்ஸ் ஜான்சன். 1990இல் டோவைப் பிடித்துக் காதை அறுக்கச் சொல்லி, பியர் குடித்துக்கொண்டே பார்த்து, அதை வீடியோவும் எடுக்க வைத்த அதே பிரின்ஸ் ஜான்சன், அப்போது நிம்பா மாவட்டத்து செனட்டர். அவர் எலனுக்கு ஆதரவு கொடுத்தார். எலன் வேண்டாம் என்று சொல்லவில்லை. நவம்பரில் எதிர்க்கட்சி இரண்டாம் சுற்றைப் புறக்கணித்தது, முந்தின நாள் ஆர்ப்பாட்டத்தில் போலீஸ் சுட்டதில் உயிர்ப்பலி, வாக்களிக்க வந்தவர்கள் நூற்றுக்கு நாற்பது பேர்கூட இல்லை. 90 சதவீத வெற்றி என்று பதிவாகியிருக்கிறது.

முந்நீர்:
எபோலாவைப் பற்றியும் யாராவது சொல்லுங்கள். 2014 ஆகஸ்ட் 20இல் வெஸ்ட் பாயின்ட் சேரியை, எழுபதாயிரம் பேர் நெருக்கியடித்து வாழும் இடத்தை, ராத்திரியோடு ராத்திரியாக முள்கம்பி போட்டு அடைத்தார்கள். சாப்பாடு எப்படி வரும் என்று யோசிக்கவில்லை. கல்லெறி, துப்பாக்கிச் சூடு, ஒரு பள்ளி வயதுப் பையன் காலில் குண்டு பட்டு இறந்தான். பத்து நாளில் கம்பியை எடுத்தார்கள்.

கணக்குப்பிள்ளை:
அது பெரிய தவறு, அவரும் பிறகு அப்படித்தான் சொன்னார். ஆனால் அதற்கு அடுத்து நடந்ததையும் சொல்ல வேண்டும். செப்டம்பரில் ஒபாமாவுக்குக் கடிதம் எழுதினார், இந்த வேகத்தில் போனால் எங்களால் முடியாது என்று. அமெரிக்க ராணுவம் வந்தது, சிகிச்சை மையங்கள் எழுந்தன. இறந்தவர்களைத் தொட்டுக் குளிப்பாட்டி அடக்கம் செய்யும் வழக்கத்தில் நோய் பரவியதால் தலைநகரில் எல்லா உடல்களையும் எரிக்க ஏற்கெனவே உத்தரவு போட்டிருந்தார், புதைத்தே பழகிய ஊரில். தேர்தல் பார்க்கிறவர் போடுகிற உத்தரவு இல்லை அது. லைபீரியாவில் மட்டும் கிட்டத்தட்ட 4,800 பேர் இறந்தார்கள். 2015 மே 9இல் நோய் நீங்கிய நாடு என்று உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது, கினியாவுக்கும் சியரா லியோனுக்கும் முன்பாக.

வடகரை:
சரி, இப்போது 2017க்கு வாருங்கள். போகாயை ஏன் கைவிட்டார்?

பழையபேப்பர்:
ஜோசஃப் போகாய் பன்னிரண்டு வருடமும் துணை அதிபர். வாக்குச் சேகரிக்கும்போது, நீங்களும்தானே ஆட்சியில் இருந்தீர்கள் என்று கேட்டவர்களிடம், தான் கராஜில் நிறுத்திவைத்த ரேஸ் கார் மாதிரி இருந்தேன் என்றார். அதாவது அந்தம்மா ஓட்ட விடவில்லை. அதிபர் கேட்டால் சும்மா இருப்பாரா? கட்சிக்காகப் பெரிதாகப் பிரசாரம் செய்யவில்லை. தேர்தல் அதிகாரிகளைத் தன் வீட்டில் சந்தித்தார் என்று கட்சியே குற்றம் சாட்டி, முதல் சுற்று முடிவை எதிர்த்த வழக்கில் எதிர்க்கட்சியோடு சேர்ந்துகொண்டது. அவர் தலையீடு எதுவும் இல்லை என்று மறுத்தார். ஆளும் கட்சி தன் சொந்த அரசு தேர்தலைக் கெடுத்தது என்று நீதிமன்றம் போனதை வேறெங்கும் பார்த்திருக்கிறீர்களா? உச்ச நீதிமன்றம் இரண்டாம் சுற்றை நிறுத்தி வைத்து, பிறகு அனுமதித்து, டிசம்பர் 26இல் வியா 61 சதவீதத்தோடு ஜெயித்தார்.

கட்சி நீக்கியதற்கு எழுத்தில் உள்ள காரணம் இதுதான். கணக்கு சொன்ன வாடகை ஒப்பந்தம்தான் எழுதாத காரணம். எனக்கு இன்னொரு சந்தேகமும் உண்டு. தேர்தலில் தோற்றோ காலம் முடிந்தோ ஒருவர் இறங்கி, தேர்ந்தெடுக்கப்பட்ட இன்னொருவரிடம் அமைதியாக ஆட்சியைக் கொடுப்பது லைபீரியாவில் 1944க்குப் பிறகு நடக்கவே இல்லை. தன் கட்சி ஜெயிப்பதைவிட அந்தக் கைமாற்றம் தன் பெயரில் நடப்பது அவருக்குப் பெரிதாகப் பட்டிருக்கும். மோ இப்ராஹிம் பரிசின் விதியைப் படித்துப் பாருங்கள், அரசியல் சட்டம் சொன்ன காலத்தில் இறங்கியவர்களுக்குத்தான் கொடுப்பார்கள்.

முந்நீர்:
கடைசியில் நான் முதலில் சொன்னதற்கே வந்துவிட்டீர்கள், நடுவில் நாற்பது வருடம் சுற்றி.

தேன்சிட்டு:
சுற்றாமல் போயிருந்தால் துரோகம் என்ற ஒரு சொல்லோடு முடிந்திருக்கும் சார்.

வடகரை:
போகாய் 2023இல் வியாவைத் தோற்கடித்து அதிபராகிவிட்டாரே, வெறும் 50.64 சதவீதத்தில். அதே யூனிட்டி கட்சி. அவர் ஏதாவது மாற்றினாரா?

பழையபேப்பர்:
எலன் அலமாரியில் வைத்ததை எடுத்தார். 2024 மே மாதம் போர்க்குற்றம் மற்றும் பொருளாதாரக் குற்ற நீதிமன்றத்துக்கு அலுவலகம் அமைக்க உத்தரவு போட்டார். நீதிமன்றம் வருவதற்குள் பிரின்ஸ் ஜான்சன் அந்த நவம்பரில் இறந்து போனார், செனட்டராகவே. 2023இல் அவரும் போகாயை ஆதரித்தவர்தான்.

தேன்சிட்டு:
எலன் பதவி விட்டுப் போகிற கடைசி வாரத்தில் போட்ட கையெழுத்து ஒன்று உண்டு. 18 வயதுக்குக் கீழ்ப்பட்ட பெண் பிள்ளைகளுக்குப் பிறப்புறுப்புச் சிதைப்புச் செய்வதைத் தடை செய்து நிர்வாக ஆணை. லைபீரியாவில் இதைச் செய்வது சாண்டே என்ற பெண்களின் ரகசிய அமைப்பு, கிராமப்புறத்தில் அதன் செல்வாக்கு மிகப் பெரிது. பன்னிரண்டு வருடம் கையில் அதிகாரம் இருந்தபோது செய்யாமல் கடைசி வாரத்தில் செய்தது எனக்கு இன்னும் வருத்தம்.

கணக்குப்பிள்ளை:
சாண்டே தலைவிகளும் 2005இல் ஓட்டுப் போட்ட பெண்கள்தானே, அதனால்தான் கடைசி வாரம். நிர்வாக ஆணைக்கு ஆயுள் ஒரு வருடம், 2019 ஜனவரியில் காலாவதி. அந்த வருடமே குடும்ப வன்முறைச் சட்டம் ஒன்றை வியா கையெழுத்திட்டார், சட்டமன்றம் அதிலிருந்து இந்தத் தடையை எடுத்துவிட்டுத்தான் அனுப்பியது.